என் பெயரைக் கூப்பிட்டபோது எழுந்து நின்றவர்

1996 ஜனவரி, பொங்கல் கழிந்த அடுத்த திங்கட்கிழமை. பாளையங்கோட்டையில் முன்சீப் கோர்ட் மாடியில் காலை பதினொன்றே காலுக்கு என் பெயரை மூன்று முறை கூப்பிட்டிருக்கிறார்கள். அந்த நேரத்தில் நான் ஆற்றுக்கு அந்தப் பக்கம், திருநெல்வேலி ஜங்ஷனில் என் அலுவலக மேஜையில் உட்கார்ந்து, ஒரு பதிவேட்டில் ஸ்கேல் வைத்துச் சிவப்பு மையால் கோடு போட்டுக்கொண்டிருந்தேன். அன்றைக்கு எனக்கு வாய்தா என்பதே நினைவில் இல்லை.

என்னைத் தெரிந்தவர்கள் இதை நம்ப மாட்டார்கள். இருபது வருடமாக ஒருநாள் விடாமல் டைரி எழுதுகிறவன் நான். சமையல் வாயு சிலிண்டர் வந்த தேதி, மழை பெய்த நேரம், யார் யாருக்குக் கடிதம் போட்டேன் என்பது வரை அதில் இருக்கும். அலுவலகத்தில் யாருக்காவது பழைய விஷயம் ஒன்று வேண்டுமென்றால் கோப்பைத் தேடுவதற்கு முன் என்னைத்தான் கேட்பார்கள்.

வழக்கு என்ன என்று முதலில் சொல்லிவிடுகிறேன். மேலப்பாளையத்தைத் தாண்டி ஆற்றங்கரை ஓரமாக எங்கள் ஊர். எங்கள் வீடு தெருவில் இல்லை. தெருவை ஒட்டிய வீட்டுக்குப் பின்னால் இருக்கிறது. தெருவுக்கு வர ஒரே ஒரு சந்துதான். அந்தச் சந்து தன் பட்டாவுக்குள் வருகிறது என்றார் முன்வீட்டுக்காரர். பொதுப்பாதை என்றோம் நாங்கள். அவர் வாழைத்தார் வியாபாரி, என்னைவிட ஏழெட்டு வயது மூத்தவர். சிறு வயதிலிருந்து நான் அண்ணாச்சி என்று கூப்பிட்டவர். 1985-இல் ஒருநாள் அந்தப் பாதையை அடைத்துச் சுவர் எடுக்கச் செங்கல் கொண்டுவந்து இறக்கினார். நான் கோர்ட்டுக்குப் போனேன். வழக்கு முடியும்வரை பாதையை அடைக்கக் கூடாது என்று இடைக்காலத் தடை கிடைத்தது. செங்கல் அப்படியே சந்தின் ஓரத்தில் அடுக்கிக் கிடந்தது. பதினோரு வருடம் கிடந்தது. பாசி பிடித்து, இடுக்கில் அரசங்கன்று முளைத்து, தேள் குடியேறி, வழக்கு எப்போது முடியும் என்று அதுவும் எங்களோடு காத்திருந்தது.

அந்தப் பதினோரு வருடத்தில் நானும் அவரும் ஒரு வார்த்தை பேசவில்லை. என் டைரியில் கூட அவர் 'எ.வா.' ஆகிவிட்டார். எதிர்வாதி என்பதன் சுருக்கம்.

வாய்தா நாளில் நான் பத்து மணிக்கே போய் முதல் பெஞ்சில் உட்கார்ந்துவிடுவேன். அவர் மண்டியில் ஏலம் முடித்து வேர்த்து விறுவிறுத்து வருவார். வெள்ளைச் சட்டைதான் போட்டிருப்பார், ஆனால் கைமடிப்பில் வாழைக்கறை இருக்கும். தேதிகள் அவருக்கு எப்போதும் குழப்பம். 1991-இல் ஒரு தடவை அவர் பெயரைக் கூப்பிட்டபோது ஆள் இல்லை, வக்கீலும் இல்லை. எக்ஸ்பார்ட்டி ஆகிவிட்டது. அதாவது அவர் இல்லாமலே எனக்குச் சாதகமாகத் தீர்ப்பு. அதை ரத்து செய்ய மனுப்போட்டு, எட்டு மாதம் அலைந்து, வழக்கை மறுபடி பழைய நிலைக்குக் கொண்டுவந்தார். அப்போது என் நண்பர்களிடம் நான் சொல்லிக்கொண்டது: "ஒரு டைரி வாங்கி வச்சுக்கிடத் தெரியாத ஆளுக்கெல்லாம் எதுக்கு வழக்கு?"

1995 கடைசியில் எங்கள் கோர்ட்டுக்குப் புதிதாக ஒரு ஜட்ஜம்மா வந்தார். பழைய வழக்குகளையெல்லாம் தேடி எடுத்துப் பட்டியல் போட்டார். பத்து வருடத்துக்கு மேல் கிடக்கிற வழக்கில் வாதி வராவிட்டால் இனி வாய்தா கிடையாது, அன்றைக்கே தள்ளுபடி என்று திறந்த கோர்ட்டிலேயே சொன்னார். டிசம்பரில் எங்கள் வழக்கை எடுத்து ஜனவரிக்குத் தேதி கொடுத்தார். என் வக்கீலுக்கு அந்தச் சமயம் கண் ஆபரேஷன். "நான் கண்ணைக் கட்டிக்கிட்டுக் கிடப்பேன். நீரே போய் நின்னு, வக்கீலுக்கு ஆபரேஷன்னு சொல்லி ஒரு வாரம் டைம் கேளும். உமக்கு ஞாபகப்படுத்தவா வேணும்?" என்றார்.

புது வருட டைரி அப்போது என் கைக்கு வரவில்லை. அதனால் பழைய டைரியின் கடைசிப் பக்கத்தில் தேதியைக் குறித்தேன். வருடா வருடம் அந்தப் பக்கத்தில் பத்துப் பன்னிரண்டு வரி சேரும். புது டைரி வந்ததும் ஒவ்வொரு வரியாக அந்தந்தத் தேதியில் எடுத்து எழுதி, பழைய பக்கத்தில் சிவப்பு மையால் டிக் அடிப்பேன். அந்த வருடம் எழுதிக்கொண்டிருக்கும்போது பொங்கலுக்கு வந்த விருந்தாள் வாசலில் குரல் கொடுத்தார். எழுந்து போகும் முன், வந்து எழுதிக்கொள்ளலாம் என்று கையிலிருந்த சிவப்புப் பேனாவால் வாய்தா வரிக்கு டிக்கை அடித்துவிட்டேன். திரும்பி வந்து அடுத்த வரியிலிருந்து தொடர்ந்தேன். டிக் இருந்ததல்லவா. டிக் இருந்தால் எழுதியாகிவிட்டது என்று அர்த்தம். இருபது வருடமாக அதுதான் என் ஒழுங்கு. தவறியதும் அந்த ஒழுங்கினால்தான்.

இந்த வாய்தா போனால் என்ன ஆகும் என்பதையும் சொல்ல வேண்டும். வழக்கு தள்ளுபடியானால் இடைக்காலத் தடையும் அதோடு போயிற்று. மறுபடி மனுப்போட்டு வழக்கை எழுப்பலாம்தான். ஆனால் செங்கல் பக்கத்திலேயே இருக்கிறது. இரண்டு கொத்தனார் வந்தால் ஒரே நாளில் சுவர் எழும்பிவிடும். எழும்பிய சுவரை இடிக்க இன்னொரு பத்து வருடம். என் அப்பாவுக்கு அதற்கு முந்தைய வருடம்தான் பக்கவாதம் வந்து வலது பக்கம் விழுந்திருந்தது. வாரத்தில் இரண்டு நாள் ஆட்டோவில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டும். சந்து அடைபட்டால் வயல் வரப்பு வழியாக அவரைத் தூக்கிக்கொண்டுதான் போக முடியும்.

அன்று மதியம் பன்னிரண்டு இருபதுக்கு என் மேஜை முன்னால் ஒரு நிழல் விழுந்தது. நிமிர்ந்தால் எ.வா. நிற்கிறார். மூச்சு வாங்குகிறது. சட்டை முதுகோடு ஒட்டியிருக்கிறது. பதினோரு வருடம் கழித்து என்னிடம் அவர் பேசிய முதல் வார்த்தை இது:

"உங்க அப்பாவுக்கு ஒண்ணும் இல்லையே?"

எனக்குச் சுருக்கென்றது. வம்புக்கு வந்திருக்கிறார், அப்பாவை இழுக்கிறார் என்று நினைத்தேன். அவர் நலமாக இருக்கிறார், அதை நீங்கள் விசாரிக்க வேண்டியதில்லை, அலுவலகத்தில் வந்து தகராறு செய்யக் கூடாது என்று கறாராகவே சொன்னேன். பக்கத்து மேஜைக்காரர் எழுந்து நின்றுவிட்டார்.

அவர் என் முகத்தைப் பார்த்தார். மேஜையில் இருந்த ஸ்கேலைப் பார்த்தார். சிவப்புப் பேனாவைப் பார்த்தார்.

"அப்போ ஏன்வே கோர்ட்டுக்கு வரலை? உம்ம பேரை மூணு தடவை கூப்பிட்டாச்சு."

இன்றைக்கு வாய்தா இல்லை என்றேன். அவர் சொல்வது தப்பு என்று காட்ட டைரியை எடுத்துத் திறந்து அவர் பக்கம் திருப்பியே வைத்தேன். அந்தத் தேதியின் பக்கம் சுத்தமாக இருந்தது.

"இதைக் கொண்டுபோய் ஜட்ஜம்மாட்ட காட்டும். டைரியில இல்லைன்னு கேஸைத் திருப்பித் தருவாங்க."

அப்போதுதான் எனக்கு அந்தச் சிவப்பு டிக் ஞாபகம் வந்தது. விருந்தாள் வந்தது, எழுந்து போனது, எல்லாம் வரிசையாக வந்தது.  தள்ளுபடி ஆகிவிட்டதா என்று கேட்டேன்.  ஆகவில்லை, மூன்று மணிக்கு மறுபடி கூப்பிடுவார்கள், அதுதான் கடைசி என்றார். கீழே ஆட்டோவை நிறுத்திவைத்திருப்பதாகவும் சொன்னார். அனுமதி கேட்கப் போனபோது எங்கள் சூப்பிரண்டு சிரித்தார். "உம்ம டைரியில இல்லாத காரியத்துக்கு நீரு கிளம்புததை இன்னைக்குத்தான் பாக்கேன்" என்று கையெழுத்துப் போட்டார்.

காலையில் கோர்ட்டில் நடந்தது எனக்கு முழுதாகத் தெரிந்தது பிறகுதான். பெயர் கூப்பிடுகிற டவாலியும், எதிர்த்தரப்பு வக்கீலின் குமாஸ்தாவும் ஆளுக்குப் பாதியாகச் சொன்னார்கள். அன்று காலை ஜட்ஜம்மா வரிசையாகத் தள்ளுபடி செய்துகொண்டே வந்திருக்கிறார். சில வழக்குகளில் வாதி செத்துப்போயிருந்தார். சிலர் ஊரை விட்டே போயிருந்தார்கள். சிலருக்கு வழக்கே மறந்து போயிருந்தது. எங்கள் முறை வந்தது. டவாலி வராந்தாவுக்கு வந்து என் பெயரை மூன்று தடவை கூப்பிட்டார். பதில் இல்லை. எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து, எதிர்வாதி ஆஜர் என்று மட்டும் சொல்லிவிட்டு நின்றார். அதற்கு மேல் அவர் சொல்ல வேண்டியது ஒன்றும் இல்லை. ஜட்ஜம்மா பேனாவை எடுத்தார்.

அப்போது கடைசி பெஞ்சிலிருந்து எ.வா. எழுந்திருக்கிறார். ஒரு நிமிஷம் அம்மா என்றிருக்கிறார். அவர் வக்கீல் சட்டையைப் பிடித்துக் கீழே இழுத்தாராம். இவர் கையைத் தட்டிவிட்டு முன்னால் வந்து நின்று சொன்னதை டவாலி எனக்கு அப்படியே நடித்துக் காட்டினார்.

"அந்த ஆளு வராம இருக்க மாட்டாரு அம்மா. பதினோரு வருசமா எனக்கு முன்னால வந்து முன் பெஞ்சில உக்காந்திருப்பாரு. இன்னைக்கு வரலைன்னா வீட்டுல ஏதோ ஆயிருக்கு. அவங்க அப்பா வேற படுக்கையில கிடக்காரு. சாயந்தரம் ஒருக்கா கூப்பிட்டுப் பாருங்கம்மா."

"நீங்க எதிர்வாதிதானே?" என்று கேட்டாராம் ஜட்ஜம்மா.

"ஆமாம்மா. அதான் சொல்லுதேன்."

கோர்ட்டே சிரித்துவிட்டதாம். ஜட்ஜம்மா மட்டும் சிரிக்கவில்லை. பேனாவை மூடிவைத்து, மூன்று மணி வரை நேரம் கொடுத்தார். வெளியே வந்ததும் அவர் வக்கீல், "கையில வந்த கேஸைத் தூக்கி ஆத்துல போட்டுட்டீரு" என்று திட்டியிருக்கிறார். இவர் ஆட்டோ பிடிக்கப் போய்விட்டார். என் அப்பா இறந்திருப்பார் என்றே நினைத்திருக்கிறார். ஊருக்குப் போவதா அலுவலகத்துக்கு வருவதா என்று யோசித்து, அலுவலகத்தில் கேட்டால் விவரம் தெரியும் என்று வந்திருக்கிறார்.

ஆட்டோவில் நாங்கள் இரண்டு பேரும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து போனோம். அவர் முழங்கை என் மேல் இடித்துக்கொண்டிருந்தது. பாலத்தில் ஏறும்போது ஆற்றைப் பார்ப்பதுபோல் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். பார்த்தது ஆற்றை அல்ல. 1991-இல் அவர் எக்ஸ்பார்ட்டி ஆன அந்தக் காலையை.

மேலே அதை எழுதும்போது ஒன்றை விட்டுவிட்டேன். அன்றைக்கு அவர் வராமல் இருக்கவில்லை. வந்திருந்தார். டவாலி அவர் பெயரைக் கூப்பிட்டபோது நான் மாடி வராந்தாவில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். கீழே வேப்பமரத்தடி டீக்கடையில் அவர் கையில் கிளாஸோடு நிற்பது எனக்குத் தெரிந்தது. டீக்கடை ரேடியோச் சத்தத்தில் டவாலி குரல் அவருக்குக் கேட்கவில்லை. நான் ஒரு குரல் கொடுத்திருந்தால் போதும். கையை அசைத்திருந்தால் கூடப் போதும். மூன்றாவது தடவை கூப்பிட்டு முடியும் வரை நான் அசையவே இல்லை. அன்று இரவு டைரியில் எழுதினேன்: 'எ.வா. ஆஜராகவில்லை. எக்ஸ்பார்ட்டி. நல்ல நாள்.' ஒரு எழுத்துகூடப் பொய் இல்லை. ஆனாலும் அது பொய்.

மூன்று மணிக்கு டவாலி என் பெயரைக் கூப்பிட்டார். ஆஜர் என்று சொல்லி முன்னால் போய் நின்றேன். காலையில் ஏன் வரவில்லை என்று ஜட்ஜம்மா கேட்டார். வரும் வழியில் அப்பாவைச் சாக்குச் சொல்லலாமா என்று ஒரு யோசனை ஓடியதை இங்கே மறைக்கவில்லை. ஆனால் பின்னால் அவர் உட்கார்ந்திருந்தார். தேதியை எடுத்து எழுதத் தவறிவிட்டேன், என் தப்புதான் என்று சொன்னேன்.  "உங்களுக்காக நின்னவர் யாருன்னு தெரியும்ல?" என்று மட்டும் கேட்டார் ஜட்ஜம்மா. தெரியும் என்றேன். அடுத்த வாரமே விசாரணை ஆரம்பம், இரண்டு தரப்புக்கும் இனி வாய்தா கிடையாது என்று எழுதினார்.

கீழே இறங்கினோம். அதே வேப்பமரம், அதே டீக்கடை. அவர் இரண்டு டீ சொன்னார். என் கையில் கிளாஸ் சூடாக இருந்தது. குடிக்க முடியவில்லை. சொல்லிவிட வேண்டும் என்று இருந்தது.

"அண்ணாச்சி, தொண்ணூத்தொண்ணுல உங்க பேரைக் கூப்பிட்டப்போ நான் மேல நின்னேன். நீங்க இங்கன நின்னதைப் பாத்தேன்" என்றேன். பதினோரு வருடம் கழித்து அண்ணாச்சி என்று வாயில் வந்தது.

அவர் டீயை ஒரு மடக்குக் குடித்தார்.

"தெரியும்வே. கம்பியைப் பிடிச்சிட்டு நின்னீரு. நானும் உம்மைப் பாத்தேன். என்ன இந்த ஆளு நம்மளையே பாக்காருன்னு நினைச்சேன். கிளாஸை வச்சிட்டு ஏறி வாரதுக்குள்ள முடிஞ்சிட்டு."

தெரிந்துமா இன்றைக்கு இப்படிச் செய்தீர்கள் என்று கேட்டேன். அவர் கைமடிப்பில் இருந்த கறையை நகத்தால் சுரண்டிக்கொண்டே இருந்தார்.

"எட்டு மாசம் அலைஞ்சேன்லா. அது எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியும். அதுவும் போக, ஆள் இல்லாத நேரத்துல ஜெயிச்சிட்டு வந்து சுவரு எடுத்தா, தினமும் காலையில அந்தச் சுவத்துல முழிக்கது நான்லா. பாதை யாருதுன்னு ஒருத்தர் பத்திரத்தைப் படிச்சுப் பாத்துச் சொல்லட்டும். அதைக் கேக்கத்தான இத்தனை வருசமா ரெண்டு பேரும் நடக்கோம்."

பிறகு என் கிளாஸைப் பார்த்து, "குடியும், ஆறுது" என்றார். அவ்வளவுதான். அந்தப் பேச்சை அவர் மறுபடி எடுக்கவே இல்லை.

விசாரணை மூன்று மாதத்தில் முடிந்தது. கோர்ட் கமிஷனர் வந்து பாதையை அளந்தார். அண்ணாச்சியின் தாத்தா காலத்துப் பத்திரத்தை அவரே கொண்டுவந்து கொடுத்தார். அதில் 'இதற்கு வடக்கு பொதுப்பாதை' என்று ஒரு வரி இருந்தது. கொடுப்பதற்கு முன்னால் அவர் அதைப் படித்திருந்தாரா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. கேட்கவும் இல்லை. தீர்ப்பு எனக்குச் சாதகமாக வந்தது. அவர் வக்கீல் அப்பீல் போகலாம் என்றார். "சொல்லியாச்சுல்லா, இன்னும் என்ன" என்று சொல்லிவிட்டு அவர் படியிறங்கினார். என்னைக் கடக்கும்போது தலையை ஒருமுறை ஆட்டினார். அடுத்த ஞாயிற்றுக்கிழமை வண்டி வைத்துச் செங்கலை அள்ளினார். அரசங்கன்றை மட்டும் வேரோடு எடுத்து வாய்க்கால் கரையில் நட்டார். சந்து அகலமானபோது, பதினோரு வருடமாக ஆட்டோ எவ்வளவு சிரமப்பட்டு உள்ளே நுழைந்திருக்கிறது என்று தெரிந்தது.

அதற்குப் பிறகு நாங்கள் கூடிக் குலாவினோம் என்று சொல்ல மாட்டேன். அவர் குணம் அப்படி, என் குணம் இப்படி. அப்பாவை ஏற்றிக்கொண்டு ஆட்டோ கிளம்பும்போது அவர் வாசலில் இருந்தால் தன் சைக்கிளை எடுத்து ஓரமாக வைப்பார். "பைய போப்பா, பெரியவரு இருக்காரு" என்று ஆட்டோக்காரரிடம் சொல்வார். நாங்கள் சந்தித்துக்கொள்வது பெரும்பாலும் அந்த அளவுதான். ஆனால் அந்த மனிதரைத் தாண்டிப் போகும் ஒவ்வொரு தடவையும் எனக்கு மரியாதையாக ஒருகணம் நின்று போகத் தோன்றும்.

டீக்கடையில் பேசிய அன்று இரவு செய்த ஒரு காரியத்தையும் சொல்லி முடிக்கிறேன். பரணிலிருந்து 1991 டைரியை இறக்கினேன். 'எ.வா. ஆஜராகவில்லை' என்ற வரிக்குக் கீழே, சிவப்பு மையால், அன்றைய தேதியிட்டு எழுதினேன்: 'அண்ணாச்சி கீழே டீக்கடையில் நின்றார். பார்த்தேன். கூப்பிடவில்லை.' இத்தனை வருட டைரிகளில் நான் திருத்திய பக்கம் அது ஒன்றுதான்.

இப்போதும் ஆஸ்பத்திரியிலோ தாலுகா ஆபீஸிலோ யாருடைய பெயரையாவது கூப்பிட்டுப் பதில் வராமல் இருந்தால், நான் எழுந்து வெளியே எட்டிப் பார்த்துவிடுகிறேன். பெரும்பாலும் அந்த ஆள் ஒரு குரல் கொடுத்தால் கேட்கிற தூரத்தில்தான் நிற்கிறார்.